பஸ் பெஞ்சுக்காரி

அக்கா எந்தப் படத்துக்கும் முடிவு பார்த்ததில்லை. அவளை மட்டும் குறை சொல்ல முடியாது, எங்கள் ஊரில் யாருமே பார்த்ததில்லை. பாலக்காட்டு எல்லையில் இருக்கும் கொழிஞ்சாம்பாறை டாக்கீஸில் ஞாயிற்றுக்கிழமை மத்தியான ஆட்டம் முடிவதற்குக் கொஞ்சம் முன்னால் எங்கள் ஊருக்குப் போகும் கடைசி பஸ் கிளம்பிவிடும். அந்த டிரைவர் நல்ல மனுஷர். சந்தை முக்கில் திரும்பும்போது நீளமாக ஒரு ஹாரன் அடிப்பார். கதாநாயகி விஷப் புட்டியைக் கையில் எடுத்திருப்பாள், நாயகன் தூக்குமேடையில் நிற்பான், எதுவானாலும் சரி, ஹாரன் கேட்டதும் கொட்டகையில் பாதிப் பேர் எழுந்துவிடுவோம். நடுவில் உட்கார்ந்திருக்கும் உள்ளூர்க்காரர்களுக்கு நாங்கள் மறைக்கக் கூடாது என்று கதவோரத்து பெஞ்சுகளை எங்களுக்கென்றே ஒதுக்கியிருந்தார்கள். அதற்குப் பஸ் பெஞ்சு என்று பேர்.

பெண்கள் பக்கத்துப் பஸ் பெஞ்சில் முதல் இடம் அக்காவுக்கு. உறவில் அக்கா இல்லை, எதிர் வீடு. பேரை எழுதப் போவதில்லை. எழுதினால் மலையிறங்கி வந்து சண்டை பிடிப்பாள். சந்தைக்குப் பின்னால் இருந்த கடலைக்காய் மில்லில் பருப்புப் பொறுக்கும் வேலை அவளுக்கு. ஆறு நாள் குனிந்து உட்கார்ந்த இடுப்புக்கு ஏழாம் நாள் நிமிர்ந்து உட்கார ஓர் இடம் வேண்டாமா என்று சொல்லித்தான் தன் அண்ணனிடம் அனுமதி வாங்குவாள்.

மற்றவர்கள் திங்கட்கிழமை சந்தைக்குப் போனதும் முதல் வேலையாக முடிவைக் கேட்டுத் தெரிந்துகொள்வார்கள். அக்கா காதைப் பொத்திக்கொள்வாள். யாராவது வம்புக்குச் சொல்ல வந்தால், "போதுமுங்க, மிச்சத்த நான் பாத்துக்கறேன்" என்று நகர்ந்துவிடுவாள். பார்த்தும்கொள்வாள். ஞாயிறன்று பஸ் ஏறி எங்கள் ஊரில் இறங்குவதற்குள் படத்துக்கு ஒரு முடிவு செய்துவிடுவாள். விஷம் குடித்தவள் வாந்தியெடுத்துப் பிழைத்துக்கொள்வாள். தூக்குமேடைக்காரனுக்குக் கடைசி நிமிஷத்தில் தந்தி வரும். வில்லன்கூட அவள் கையில் சாக மாட்டான், திருந்தி ஒரு மாட்டுப் பண்ணை வைப்பான். கண்டக்டர் டிக்கெட் கிழிப்பதை நிறுத்திவிட்டுக் கேட்டுக்கொண்டு நிற்பார். என்னைக் கேட்டால், அந்த நாளில் நான் பார்த்த படங்களில் பாதிக்கு அவள் செய்த முடிவுதான் பொருத்தமாக இருந்தது.

சினிமாவில் மட்டும் என்றால் சிரித்துவிட்டுப் போகலாம். எல்லாவற்றிலும் அவள் அப்படித்தான். பத்தாம் வகுப்பில் நான் கணக்கில் தோற்றுப்போனபோது என் அப்பா இனிமேல் படிப்பு கிடையாது என்று சொல்லிவிட்டார். நான் பின்கட்டில் உட்கார்ந்து அழுதுகொண்டிருந்தேன். அக்கா வந்து, கையிலிருந்த வறுத்த கடலையை என் மடியில் கொட்டினாள்.

"இதுக்குப் போய் அழுவாங்களா கண்ணு? இது இண்டர்வெல்லு. இண்டர்வெல்லுக்கு முன்னால எந்தப் படத்துல நல்லது நடந்திருக்குது? கடலயத் தின்னு."

அப்பாவிடமும் அதையேதான் போய்ச் சொல்லியிருக்கிறாள். அவர் அவளைத் திட்டிவிட்டு, அடுத்த மாதம் எனக்கு மறுபரீட்சைக்குப் பணம் கட்டினார்.

ஆனால் இந்தக் குணம் எனக்குப் பயம் காட்டியதும் உண்டு. அவளுடைய அம்மாவைப் பாலக்காட்டு ஆஸ்பத்திரியில் சேர்த்திருந்தார்கள். டாக்டர் அண்ணனையும் அக்காவையும் கூப்பிட்டு உட்கார வைத்து மலையாளத்தில் மெதுவாகச் சொல்ல ஆரம்பித்திருக்கிறார். பாதி சொல்லும்போதே அக்கா எழுந்துவிட்டாள். அம்மாவுக்கு ஆரஞ்சு பிடிக்கும், வாங்கிவருகிறேன் என்று கிளம்பிவிட்டாள். கடைத்தெரு முழுக்க அலைந்து நல்ல பழமாகப் பொறுக்கி வாங்கிக்கொண்டு அவள் திரும்பியபோது அம்மாவின் முகத்தை மூடியிருந்தார்கள். பழங்களை வார்டில் இருந்த நோயாளிகளுக்கு ஒவ்வொன்றாகக் கொடுத்துவிட்டு வந்தாள் என்று அண்ணன் பெண்டாட்டி சொன்னார். ஊரில் சும்மா இருப்பார்களா? அங்கேயும் பாதியில் எழுந்து வந்துவிட்டாள் என்று பேசினார்கள். அதற்குப் பிறகு அவள் ஆரஞ்சு தின்று நான் பார்த்ததில்லை.

அந்த வருஷம்தான் டாக்கீஸுக்குப் புது ஆப்பரேட்டர் வந்தார். உடும்பஞ்சோலைப் பக்கத்து ஏலத் தோட்டத்தில் பிறந்தவர். தோட்டத்துக் கிளப்பில் படம் ஓட்டிப் பழகியவர். மாதாவைக் கும்பிடும் வேதக்காரக் குடும்பம், பாட்டன் காலத்தில் திருநெல்வேலிச் சீமையிலிருந்து மலையேறியவர்கள். பேச்சிலேயே வேற்றூர் என்று தெரிந்துவிடும். ஒவ்வொரு படத்தின் முடிவையும் தினம் இரண்டு தடவை பார்ப்பது அவருடைய பிழைப்பு. ஹாரன் கேட்டதும் பாதிக் கொட்டகை எழுந்து போவதைப் பார்த்து அவருக்கு மனசு தாங்கவில்லை. மெஷின் அறையின் படிக்கட்டு எங்கள் கதவுக்குப் பக்கத்திலேயே இறங்கும். ஒரு ஞாயிறு, ரீல் ஓடிக்கொண்டிருக்கும்போதே படியில் நின்று அக்காவைக் கேட்டார்.

"முடிவு பாக்காம எங்க போறிய? இன்னும் செத்த நேரந்தான இருக்கு?"

பஸ் நிற்காது என்று சொல்லிவிட்டு அவள் வந்துவிட்டாள். அடுத்த ஞாயிறு அவர் விடவில்லை. போன வாரப் படத்தில் அந்தப் பெண் கடைசியில் செத்துப்போய்விட்டாள் என்று படியிலிருந்தே சொல்லிவிட்டார். அக்காவுக்குக் கோபம் வந்து நான் பார்த்தது அன்றைக்குத்தான்.

"உங்கள ஆருங்க கேட்டா? எங்க பஸ்ஸுல அவ பொழச்சு, ரெண்டு கொழந்த பெத்து, மூத்தத பள்ளிக்கோடத்துல சேத்தியும் உட்டாச்சு."

அவர் படியில் உட்கார்ந்து சிரித்தார். உள்ளே ரீல் முடிந்து திரை வெள்ளையாகி உள்ளூர்க்காரர்கள் விசில் அடிக்கும்வரை சிரித்தார். அதற்கப்புறம் அவர் முடிவு சொல்லவில்லை. நீங்கள் என்ன முடிவு செய்தீர்கள் என்று கேட்க ஆரம்பித்தார். மில்லுக்கு எதிர்க் கடையில் தேநீர் குடிக்கிற சாக்கில் வந்து கேட்பார். அக்கா முறத்தைப் புடைத்துக்கொண்டே சொல்லுவாள். அது என்ன என்று மில்லில் எல்லோருக்கும் தெரிந்துவிட்டது. அவர்கள் இரண்டு பேருக்கும்தான் தெரிய நாளாயிற்று.

இப்போது ஓர் இத்தாலிக்காரப் படத்தைப் பற்றிச் சொல்ல வேண்டும். ஒரு வாரம், வர வேண்டிய தமிழ்ப் படத்தின் பெட்டி வேறு ஊரில் மாட்டிக்கொண்டது. பாலக்காட்டில் கையில் இருந்த ஏதோ ஒரு பெட்டியை அனுப்பி வைத்தார்கள். வெள்ளைக்காரப் படம் என்றால் பெண்கள் வர மாட்டார்கள் என்று முதலாளிக்குப் பயம். ஜீப்பில் குழாய் கட்டி, உலகமே வாங்கிப் படித்த காதல் நாவல், பள்ளிக்கூடத்துப் பிள்ளைகளின் தூய்மையான கதை, குடும்பத்தோடு வாருங்கள் என்று கத்திக்கொண்டே போனார்கள். அக்கா முதல் ஆளாகக் கிளம்பினாள். பாஷை தெரியாதே என்றேன். முடிவு தெரியாமலே இத்தனை நாள் பார்த்தோம், பேச்சுத் தெரியாவிட்டால் என்ன என்றாள்.

ஒரு கடற்கரை ஊர். ரொட்டிக்கடைக்காரர் மகள், பணக்கார வீட்டுப் பையன். அவனிடம் ஒரு ஸ்கூட்டர். இரண்டு பேருக்கும் என் வயதுதான் இருக்கும். பள்ளிக்கூட விழாவில் ஆடுகிறார்கள், சண்டை போடுகிறார்கள், அவன் தினமும் தேவையில்லாமல் ரொட்டி வாங்க வருகிறான். அக்கா எங்கள் பெஞ்சுக்கு முழுக் கதையையும் கொங்குத் தமிழில் ஓட்டிக்கொண்டிருந்தாள். அந்தப் பெண்ணின் அம்மா பேசும்போதெல்லாம், "அவிய ஆகாதுங்கறாங்க" என்பாள். அதற்குப் பாஷையே தேவைப்படவில்லை, அந்த அம்மாளின் முகம் போதும்.

இடைவேளை முடிந்து உட்கார்ந்ததும் எங்களுக்கு ஓர் அதிர்ச்சி. ரயில்வே ஸ்டேஷன். பையன் பெட்டியோடு நிற்கிறான். அந்தப் பெண் வருகிறாள். இடுப்புவரை தொங்கிய முடி இல்லை. காது தெரிய ஒட்ட வெட்டியிருந்தது. இரண்டு பேரும் ஒரு வார்த்தை பேசவில்லை. ரயில் போய்விட்டது. அவள் தனியாக நடந்து வந்தாள். திரையில் ஏதோ எழுத்து வந்தது, சட்டென்று இருட்டாகி, கொஞ்ச நேரம் கழித்து மறுபடி படம் ஓடியது.

"முடிய எடுத்துட்டா பாத்தியா? வேண்டுதல் கண்ணு," என்றாள் அக்கா.

அடுத்து வந்தது கடற்கரை. அதே பெண், அதே பையன், அதே ஸ்கூட்டர். அவள் முடி காற்றில் அவன் முகமெல்லாம் பறக்கிறது. ஒரே ரொட்டியை இரண்டு பேரும் பிய்த்துத் தின்கிறார்கள். அக்கா என் கையைப் பிடித்து அழுத்தினாள்.

"வளந்துருச்சு பாரு முடி. அத்தன காலம் காத்திருந்திருக்காங்க."

ஹாரன் கேட்டது. எழுந்து வந்தோம்.

மறுநாள் சந்தையில் உள்ளூர்க்காரர்கள் சொன்ன மிச்சக் கதை இன்னும் பிரமாதம். கடைசியில் அந்தப் பெண் கண்ணாடி முன்னால் நின்று, கண்ணீர் வழிய வழியத் தன் முடியைத் தானே கத்தரித்துக்கொண்டாளாம். அத்தோடு படம் முடிந்துவிட்டதாம். யாருக்கும் ஒரு குழப்பமும் இல்லை. பிரியும்போது ஒரு தடவை முடி கொடுத்து வேண்டிக்கொண்டாள், சேர்ந்த பிறகு இரண்டாம் தடவை கொடுத்து நேர்த்திக்கடனை முடித்தாள். இத்தாலியிலும் பழனி மாதிரி ஓர் இடம் இருக்கும் என்று சந்தை தீர்ப்புச் சொல்லிவிட்டது. கோயிலில் கொடுக்காமல் வீட்டிலேயே வெட்டிக்கொண்டாளே என்று மட்டும் ஒரு காய்கறிக்கார அம்மாளுக்கு வருத்தம். மில்லில் இதையெல்லாம் பேசும்போது அக்கா காதைப் பொத்தவில்லை. அன்றைக்கு மட்டும் முழுசாகக் கேட்டாள்.

கேட்கக் காரணம் இருந்தது. மலையில் ஆப்பரேட்டரின் அப்பா இறந்துபோய், அடக்கத்துக்குப் போன அவர் அந்த வாரம்தான் திரும்பியிருந்தார். வீட்டில் ஒருத்தர் தோட்டத்தில் பேர் பதிந்து வேலை பார்த்தால்தான் தோட்டம் கொடுத்த லயத்து வரிசை வீடு அவர்களுக்கு நிற்கும். தாயாரையும் தங்கைகளையும் தெருவில் விட முடியாது. அவர் போயாக வேண்டும். இந்தப் பக்கம் அக்காவின் அண்ணன் பொள்ளாச்சியில் மாப்பிள்ளை பார்த்துவிட்டார், மோட்டார் பம்பு கடைக்காரர். அக்கா தன் விஷயத்தைச் சொன்னபோது அண்ணன் கத்தவில்லை, அடிக்கவில்லை. சாதி வேறு, சாமி வேறு, மலையில் அட்டைக்கடியில் பிழைப்பு, ஆகாது என்று ஒரே மூச்சில் சொல்லிவிட்டு மாட்டுக்குத் தண்ணீர் காட்டப் போய்விட்டார். அம்மா போன பிறகு அவளைத் தாங்கியவர் அவர். அவரை உதறிவிட்டு ஓடிப்போக அவளுக்கு மனசு இல்லை. மலைக்காரரை விடவும் மனசு இல்லை.

பொள்ளாச்சிக்காரர்கள் வருவதாகச் சொன்ன வாரம் என் அம்மா பழனிக்குக் கிளம்பினார். நானும் வருகிறேன் என்று அக்கா சேர்ந்துகொண்டாள். கல்யாணம் நல்லபடி நடக்க வேண்டிக்கொள்ளப் போகிறாள் என்று அண்ணனே பஸ்ஸுக்குக் காசு கொடுத்தார். மலையடிவாரத்தில் முடியெடுக்கும் கொட்டகைக்கு முன்னால் அவள் நின்றுவிட்டாள். உள்ளே போய்ப் பலகையில் உட்கார்ந்தாள். என் அம்மா ஓடிப்போய் அவள் கையைப் பிடித்தார்.

"பூமுடி குடுத்தாப் போதும் கண்ணு. கண்ணாலம் ஆகற புள்ள."

"முழுசாத்தானுங்க அத்தை வேண்டியிருக்கறேன்."

அவளுக்கு நல்ல முடி. உட்கார்ந்தால் பலகையைத் தொடும். அது கற்றை கற்றையாகத் தரையில் விழ, நான்தான் அழுதேன். அவள் என்னைப் பார்த்துக் கண்ணைச் சிமிட்டினாள். சந்தனம் பூசிக்கொண்டு, தலையைத் தடவிப் பார்த்து, "காத்து நல்லா வருது" என்றாள்.

மாப்பிள்ளை வீட்டார் வந்தபோது காப்பித் தட்டோடு வெளியே வந்தது ஒரு மொட்டைத் தலை. மாப்பிள்ளையின் அம்மா வாயைத் திறந்தது திறந்தபடி இருந்தார். முருகனுக்குக் கொடுத்ததைப் பற்றி யார் என்ன பேச முடியும்? பேசினால் சாமி குத்தம். முடி வளரட்டும், பிறகு பார்க்கலாம் என்று எழுந்து போனார்கள். அண்ணனுக்குப் புரிந்துவிட்டது. ஆனால் அவரும் வருஷம் தவறாமல் பழனிக்கு நடக்கிறவர், அவராலும் வாயைத் திறக்க முடியவில்லை. முடி கழுத்துவரை வளர்ந்து பொள்ளாச்சியிலிருந்து மறுபடி ஆள் வந்தது. அக்கா மறுபடி பழனிக்குப் போனாள். அந்த மாப்பிள்ளை வேறு இடத்தில் கல்யாணம் செய்துகொண்டார். அண்ணன் அவளோடு பேசுவதை நிறுத்தினார்.

மலைக்குப் போய்விட்ட ஆப்பரேட்டரிடமிருந்து கடிதம் வராது. அண்ணன் வீட்டுக்குக் கடிதம் போடக் கூடாது என்று அவளே சொல்லிவிட்டிருந்தாள். எங்கள் ஹாரன் டிரைவர் எப்போதாவது ஒரு சின்னப் பொட்டலத்தை அவளிடம் கொடுப்பார். பொள்ளாச்சி ஸ்டாண்டில் யாரோ லாரிக்காரர் கொடுத்ததாகச் சொல்லுவார். உள்ளே பச்சை ஏலக்காய், வேறொன்றும் இருக்காது. அவள் அதைச் சமையலில் போட்டதில்லை. முந்தானையில் முடிந்து வைத்துக்கொள்வாள். அவள் வேலை செய்த பக்கம் போனால் கடலை வாசத்துக்கு மேலே ஏலக்காய் மணக்கும்.

ஒரு மழைக்காலம் முழுக்கப் பொட்டலம் வரவில்லை. மழை நின்ற பிறகும் வரவில்லை. டிரைவர் அவள் முகத்தைப் பார்க்கச் சங்கடப்பட்டுக்கொண்டு எங்கேயோ பார்த்தபடி வண்டி ஓட்டினார். மலைக்காரன் அங்கேயே ஒருத்தியைக் கட்டியிருப்பான் என்று மில்லில் பேச ஆரம்பித்தார்கள். நானும் பெரிய மனுஷி மாதிரி அவளுக்குப் புத்தி சொன்னேன். அவ்வளவுதான் அக்கா, விட்டுவிடுங்கள் என்றேன். அவள் பருப்பிலிருந்து கல்லைப் பொறுக்கி வீசிவிட்டு, இண்டர்வெல் பெல்லே இப்போதுதான் அடித்திருக்கிறது என்றாள். ஆனால் அன்றைக்கு அவள் சிரிக்கவில்லை. நான் திரும்பிப் பார்த்தபோது முந்தானை முடிச்சை மூக்கில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். அந்த ஏலக்காயில் அப்போது வாசம் இருந்திருக்காது.

அவர்கள் வந்தது ஒரு வெயில் நாளில். அக்காவும் நானும் வாசலில் புளி உலர்த்திக்கொண்டிருந்தோம். பகல் பஸ்ஸில் இரண்டு பேர் இறங்கி வந்தார்கள், ஓர் ஆணும் வயதான அம்மாளும். ஆப்பரேட்டரும் அவருடைய தாயாரும்தான், இரண்டு பேருக்கும் மொட்டைத் தலை. நெற்றியில் விபூதி இல்லை, கழுத்தில் ஜெபமாலை. வேளாங்கண்ணியிலிருந்து நேராக வருகிறார்கள். அந்த அம்மாள் மழையில் விஷக் காய்ச்சலில் விழுந்து, பிழைப்பது அரிது என்று தோட்டத்து ஆஸ்பத்திரியில் கைவிட்டிருக்கிறார்கள். அதுவரை இந்தக் கல்யாணத்துக்கு அவரும் சம்மதிக்கவில்லையாம். மகன் மாதாவுக்கு வேண்டிக்கொண்டார். கண் திறந்ததும் அந்த அம்மாள் தனக்கும் சேர்த்து முடி கொடுப்பதாகச் சொல்லி, திரும்பும் வழியில் அந்தப் பெண்ணைப் பார்க்க வேண்டும் என்றிருக்கிறார்.

அண்ணன் வாசலுக்கு வந்தார். எதிரே இரண்டு மொட்டை, பக்கத்தில் கிராப்பு வைத்த மாதிரி முடியோடு தங்கை. மூன்று தலைகளையும் மாறி மாறிப் பார்த்தார். அக்கா புளியங்கையோடு அப்படியே நின்றாள். அண்ணன் அந்த அம்மாளின் கையிலிருந்த பையை வாங்கித் தோளில் போட்டுக்கொண்டார். உள்ளே திரும்பித் தன் பெண்டாட்டியைக் கூப்பிட்டார்.

"ஒறம்பரை வந்திருக்குது. ஒல வையி."

எங்கள் பக்கத்தில் ஒறம்பரை என்றால் சொந்தக்காரர்கள். அவ்வளவுதான் அவருடைய சம்மதம். அந்த ஆள்மேல் எனக்கு அன்றைக்கு வந்த மரியாதை இன்றுவரை குறையவில்லை. பாலக்காட்டுச் சித்தூரில் ரிஜிஸ்டர் கல்யாணம் நடந்தது. பூ வைக்க முடி போதாமல் நான்தான் ஊசி ஊசியாகக் குத்தி மல்லிகையை நிற்க வைத்தேன். ரெண்டு சாமியும் சேர்ந்து அண்ணனை மடக்கிவிட்டார்கள் என்று ஊர் சிரித்தது.

நான் ஒருவழியாகக் கணக்கில் தேறிப் பாலக்காட்டில் கல்லூரிக்குப் போனேன். அங்கே நூலகத்தில் ஒரு நாள் அட்டையில் ஒரு ஸ்கூட்டரும் ஒரு பெண்ணும் இருந்த புத்தகம் கண்ணில் பட்டது. அதே கதைதான். இங்கிலீஷில் மொழிபெயர்த்திருந்தார்கள். அகராதியை வைத்துக்கொண்டு ஒரு வாரம் படித்தேன். கடற்கரையில் ரொட்டி தின்பது முன்னால் வருகிறது. அப்புறம் அம்மாவோடு சண்டை போட்டுக்கொண்டு அந்தப் பெண் கோபத்தில் முடியை வெட்டிக்கொள்கிறாள். வேண்டுதலும் இல்லை, ஒன்றும் இல்லை. கடைசி அத்தியாயம்தான் ஸ்டேஷன். அவன் போகிறான், அவள் திரும்பி நடக்கிறாள், கதை முடிந்தது. அவர்கள் சேரவே இல்லை. அன்றைக்கு டாக்கீஸில் கடைசி ரீலை இடைவேளைக்கு அடுத்து மாட்டிவிட்டிருக்கிறார்கள். நாங்கள் பார்த்தது முன்பின்னாக ஓடிய படம்.

ஒரு ரீல் இடம் மாறியதை நம்பி ஒருத்தி தன் முடியையும் வயசையும் கொடுத்திருக்கிறாள். நல்லவேளையாக நல்லபடி முடிந்தது. முடியாமல் போயிருந்தால்?

அந்த விடுமுறையில் அக்கா வரச்சொல்லி எழுதியிருந்தாள். போடியிலிருந்து மலையேறும் பஸ்ஸில் வளைவுக்கு வளைவு வாந்தியெடுத்துக்கொண்டு உடும்பஞ்சோலை போய்ச் சேர்ந்தேன். லயத்தில் ஓர் அறையும் அடுப்படியும். சுவரில் முருகனும் மாதாவும் பக்கத்துப் பக்கத்தில். அக்காவின் முடி முதுகுவரை வளர்ந்திருந்தது. மாமியாரின் தலையும் நரைத்து அடர்ந்திருந்தது. பேச்சில் மட்டும் இரண்டு பேரும் விட்டுக்கொடுக்கவில்லை. அவர் 'சொல்லுதேன்' என்பார், இவள் 'சொல்றனுங்க' என்பாள். ஏலக்காய் உலர்த்தும் ஸ்டோரிலிருந்து புகை வந்துகொண்டே இருந்தது.

இரண்டு நாள் சொல்லாமல் இருந்தேன். மூன்றாம் நாள் அவள் அடுப்படியில் ஆரஞ்சு உரித்துக்கொண்டிருந்தாள். மலையில் விளைந்தது, தோல் பச்சையாக இருந்தது. அதைப் பார்த்ததும் எனக்கு என்னவோ போலாகி, எல்லாவற்றையும் கொட்டிவிட்டேன். அவள் ஒரு சுளையை என் கையில் வைத்தாள்.

"அது எனக்கு அப்பவே தெரியும் கண்ணு. அடுத்த நாளே மில்லுக்கு வந்து சொல்லீட்டாரு. ஊருக்குப் போற கவலையில ரீல மாத்தி மாட்டிட்டேன், ஸ்டேசன்தான் முடிவுன்னு."

"பின்ன எதுக்குங்க்கா மொட்டை?"

அவள் விதைகளை ஒவ்வொன்றாக எடுத்து ஓரத்தில் வைத்தாள்.

"எங்கம்மா சாகறப்ப நான் கூட இல்ல. பாக்கறதுக்குப் பயந்துட்டு எந்திரிச்சுப் போயிட்டேன். இதுலயாச்சும் நல்லதோ கெட்டதோ கடைசி வரைக்கும் உக்காந்திருக்கோணும்னு நெனச்சேன். உக்காரோணும்னா அண்ணன் உடோணுமில்ல? அதுக்கு அந்தப் புள்ளையோட முடிதான் வழி காட்டுச்சு."

அவளைப் பற்றி ஊரும் நானும் வைத்திருந்த கணக்கு எல்லாம் தப்பு. பாதியில் எழுந்து வருகிறவள் என்று நாங்கள் நினைத்தவள்தான், எங்களில் யாரும் உட்கார்ந்திராத அளவுக்கு உட்கார்ந்து காத்திருக்கிறாள். அந்த ஆரஞ்சுச் சுளை புளித்தது, இருந்தாலும் தின்றேன்.

அன்று சாயங்காலம் தோட்டத்துக் கிளப் மைதானத்தில் படம் போட்டார்கள். மெஷின் ஓட்டியது அவள் புருஷன்தான். மண்ணில் சாக்கு விரித்து உட்கார்ந்தோம். நடுவில் நல்ல இடமாகப் பார்த்து அக்கா உட்கார்ந்திருந்தாள். படம் முடியப்போகும் நேரம், கதாநாயகிக்கு ஏதோ ஆபத்து. கீழே ரோட்டில் ஒரு லாரி வளைவில் நீளமாக ஹாரன் அடித்தது. என்னை அறியாமல் நான் செருப்பைத் தேடி எழுந்துவிட்டேன். எழுந்த பிறகுதான் எங்கே இருக்கிறேன் என்று உறைத்தது. அக்கா திரையிலிருந்து கண்ணை எடுக்காமலே என் பாவாடை நுனியைப் பிடித்து இழுத்தாள்.

"உக்காரு கண்ணு. நம்ம ஊடு இங்கதான் இருக்குது."